பெங்களூர் கப்பன் பார்க்கில் தமிழில் ஒரு ஹெரிடேஜ் வாக்: 700 ரூபாய்க்குத் தேறுமா?

தேறும். ஆனால் முழு மார்க் போட மாட்டேன்.

ஞாயிற்றுக்கிழமை காலை, பார்க்குக்குள் வண்டி விடாத நேரம். தலைக்கு 700 ரூபாய், டிபன் காபி உட்பட. வழக்கமாக ஆங்கிலத்தில்தான் நடத்துகிறார்களாம். பத்துப் பேர் சேர்ந்தால் தமிழிலும் உண்டு என்று என் தம்பி மகள் கண்டுபிடித்தாள். அல்சூரில் பத்துத் தமிழர்களைப் பிடிப்பதற்கா பஞ்சம்? எங்கள் அபார்ட்மென்ட் வாட்ஸ்அப் குரூப்பில் போட்ட அன்றைக்கே ஆள் சேர்ந்துவிட்டது. நடத்துகிறவர்களின் பெயரை எழுதவில்லை. குறையும் சொல்லப்போகிறேன், சின்ன ஆட்கள், பிழைத்துப்போகட்டும்.

கைடு சிவாஜிநகர்ப் பையன். "வாங்க ஆண்ட்டி, அப்பிடியே இந்தாண்ட வந்து நின்னுக்கினீங்கன்னா வெய்யில் அடிக்காது" என்கிற நம்ம ஊர்த் தமிழ். மதுரையிலிருந்து மகன் வீட்டுக்கு வந்திருந்த ஒரு சார் முதலில் கொஞ்சம் முழித்தார். அப்புறம் அவரே அதிகம் ரசித்தார்.

இந்த மாதிரி நடைகளில் என்ன கிடைக்கும் என்று தெரியும்: நாலு சிலை, ஒரு பேய்க்கதை, ஒரு குரூப் போட்டோ. இங்கே அப்படி இல்லை. பையன் கையில் எடுத்தது, மைசூரை நிர்வாகம் செய்த வெள்ளைக்காரக் கமிஷனர் மார்க் கப்பனின் சர்வீஸ் புக்கை. எங்கே சேர்ந்தார், யார் சேர்த்துவிட்டார்கள், எந்த இலாகா, எப்போது பிரமோஷன், ஏன் ராஜினாமா. நான் கணக்குத் துறையில் இருந்து ரிட்டயர் ஆனவள். என் மாதிரி ஆளுக்கு வேறென்ன வேண்டும்?

சேர்த்துவிட்டது தாய்மாமன். ஐரிஷ் கடலில் இருக்கிற மான் தீவுக்காரர்கள் இரண்டு பேரும். மாமன் மார்க் வில்க்ஸ் மைசூரில் ரெசிடெண்டாக, அதாவது ராஜா தர்பாரில் கம்பெனியின் பிரதிநிதியாக, இருந்தவர். பிற்பாடு செயின்ட் ஹெலினா தீவுக்குக் கவர்னராகப் போனார். 1815-ல் நெப்போலியனைக் கைதியாகக் கொண்டுவந்து இறக்கியபோது அங்கே கவர்னர் நாற்காலியில் இருந்தது நம்ம மைசூர் வில்க்ஸ்தான். மருமகன் கப்பன் 1800-ல் மதராஸ் காலாட்படையில் கேடட்டாக வந்து சேர்ந்தார். சண்டையில் பெயர் வாங்கியவர் இல்லை. கமிசேரியட்டில், அதாவது படைக்கு அரிசி, தீவனம், வண்டிமாடு சேர்த்துக் கொடுக்கிற இலாகாவில், வருஷக்கணக்கில் பில் பார்த்து ஏறியவர். "அதான் ஆண்ட்டி, கணக்கு தெரிஞ்ச ஆளு" என்று பையன் என்னைப் பார்த்துச் சொன்னான். யாரோ என் வேலையைச் சொல்லிவைத்திருக்கிறார்கள்.

1830-ல் மைசூர் ராஜ்யத்தில் நகர் என்கிற சீமையில் குடியானவர்கள் வரிக்கொடுமை தாங்காமல் கலகத்தில் இறங்கினார்கள். அதைக் காரணம் காட்டி 1831-ல் கவர்னர் ஜெனரல் பென்டிங்க், மைசூர் மகாராஜா மூன்றாம் கிருஷ்ணராஜ உடையாரிடமிருந்து நிர்வாகத்தைப் பிடுங்கினார். முதலில் இரண்டு கமிஷனர்களைப் போட்டார்கள், ஒத்துவரவில்லை. 1834-ல் கப்பன் தனி கமிஷனர் ஆனார். 1861 வரை அதே நாற்காலி. ஒரே போஸ்டிங்கில் 27 வருஷம்! எங்கள் ஆபீசில் மூன்று வருஷம் ஒரே செக்‌ஷனில் உட்கார்ந்தாலே மொட்டைக் கடுதாசி வரும்.

அடுத்து வந்தது இந்த நடையின் உச்சம். பேண்ட் ஸ்டாண்டு பக்கத்தில் எங்களை உட்காரவைத்து, லேமினேட் செய்த ஒரு தாளை எடுத்தான். கப்பன் காலத்தில் ரத்துசெய்த சில்லறை வரிகள் 769 என்று மைசூர் கெசட்டியர் சொல்கிறது, அதிலிருந்து சில. கல்யாணத்துக்கு வரி. குழந்தை பிறந்தால் வரி, பேர் வைத்தால் வரி, மொட்டை போட்டால் வரி. ஒரு கிராமத்தில், எந்தக் காலத்திலோ தொலைந்துபோன பாளையக்காரர் குதிரையை முப்பாட்டன்மார் தேடிக் கொடுக்கவில்லை என்பதற்காகப் பேரன்மார் வரி கட்டிக்கொண்டிருந்தார்கள். நகர் பக்கம் ஒரு குறிப்பிட்ட இடத்தைத் தாண்டும்போது கையை உடம்போடு ஒட்டி வைத்துக்கொள்ளாமல் வீசி நடந்தால், அதற்கும் வரி. இவ்வளவும் திருட்டு வசூல் இல்லை, சர்க்கார் கணக்கில் வரவாக முறைப்படி எழுதிவைத்த இனங்கள்! மதுரை சார் எழுந்து இரண்டு கையையும் தொடையோடு ஒட்டிக்கொண்டு விறைப்பாக நடந்து காட்டினார். பக்கத்தில் துணி விரித்துப் புத்தகம் படித்துக்கொண்டிருந்த பசங்கள் தலையைத் தூக்கிப் பார்த்தார்கள்.

ஒரு வரியை நீக்குவது என்றால் சும்மாவா? அந்தத் தலைப்பில் வரவு விழுந்தால் யாராவது பதில் சொல்ல வேண்டும். 769 தலைப்பை ஒவ்வொன்றாக அடித்தவர் எத்தனை கடிதம் எழுதியிருப்பார், எத்தனை ஆட்சேபணைக்கு விளக்கம் கொடுத்திருப்பார் என்று நினைத்துப் பார்த்தேன். கப்பன் தலைமை ஆபீசை மைசூரிலிருந்து பெங்களூருக்கு மாற்றினார். சீமையைப் பெங்களூர், சித்ரதுர்கா, அஷ்டகிராம், நகர் என்று நாலு டிவிஷன் ஆக்கினார். ஆபீஸ் பாஷையாகக் கன்னடமும் மராத்தியும் முன்பு இருந்த மாதிரியே தொடர்ந்தன. சாலை சுமார் 1,600 மைல், பாலம் 309. பையன் இந்த நம்பர்களைக் குறிப்பு பார்க்காமல் சொன்னான்.

ராஜினாமா கதையை அவன் சொன்ன விதமும் நன்றாக இருந்தது. 1860-ல் மைசூரை மதராஸ் கவர்ன்மென்ட்டின் கீழ் வைக்க உத்தரவு வந்தது. கப்பன் ராஜினாமா எழுதிவிட்டார். மகாராஜாவும் எதிர்த்தார். உத்தரவு வாபஸ், ராஜினாமாவும் வாபஸ். ஆனால் உடம்பு விட்டுவிட்டது. அடுத்த வருஷமே ஊருக்குக் கப்பல் ஏறினார். சூயஸில் உயிர் போனது. உடலை மான் தீவில் அடக்கம் செய்தார்கள். கல்யாணம் இல்லை, பிள்ளை இல்லை. ஆசை எல்லாம் குதிரை மேல்தான். சிலையிலும் குதிரை மேலேயே உட்கார்ந்திருக்கிறார். செய்தவர் மரோசெட்டி, லண்டன் பார்லிமென்ட் வாசலில் நிற்கும் ரிச்சர்ட் ராஜா சிலையும் அவர் கைவேலைதான். கப்பன் சிலையை 1866-ல் பரேட் மைதானத்தில் வைத்து, பிறகு ஹைகோர்ட் முன்னால் கொண்டுவந்து, 2020-ல் பார்க்குக்குள் தள்ளிவிட்டார்கள். பார்க்கே அவர் செத்து ஒன்பது வருஷம் கழித்து, 1870-ல், இன்ஜினியர் சாங்கி போட்டது. முதலில் மீட்ஸ் பார்க் என்று பேர். 1927-லிருந்து சர்க்கார் காகிதத்தில் ஸ்ரீ சாமராஜேந்திர பார்க். எந்த ஆட்டோக்காரரிடமாவது அப்படிச் சொல்லிப் பாருங்கள்.

இனி குறைகள்.

கழுத்தில் மாட்ட ஒரு ஹெட்செட் கொடுத்தார்கள். பாதிப் பேருக்கு அட்டாரா கச்சேரிக் கட்டடம் வருவதற்குள் சார்ஜ் போய்விட்டது. 700 ரூபாய் வாங்குகிறவர்கள் முந்தின ராத்திரி சார்ஜில் போட மாட்டார்களா? பாத்ரூம் எங்கே என்றும் முன்கூட்டியே சொல்ல வேண்டும், வருகிறவர்களில் பாதி என் வயசுக்காரர்கள்.

கப்பனை இரண்டு இடத்தில் "ஐ.சி.எஸ். ஆபீசர்" என்றான். தப்பு. ஐ.சி.எஸ். என்பது பரீட்சை எழுதிச் சேர்கிற சிவில் சர்வீஸ். பரீட்சை வைத்து ஆள் எடுத்ததே 1855-லிருந்துதான். கப்பன் கடைசிவரை பட்டாளத்து ரேங்கில் இருந்தவர், லெப்டினன்ட் ஜெனரல் வரை போனவர். கூப்பிட்டுச் சொன்னேன். முகம் சுளிக்காமல் போனில் குறித்துக்கொண்டான்.

மகாராஜா விஷயத்தை ரெண்டு வாக்கியத்தில் முடித்ததுதான் எனக்கு ஒப்பவில்லை. 1799-ல் திப்பு விழுந்த பிறகு ஐந்து வயசில் சிம்மாசனம் ஏற்றப்பட்டவர். 1831-க்குப் பிறகு 1868-ல் கண் மூடும்வரை ராஜ்யத்தைத் திருப்பிக் கொடுங்கள் என்று மனு மேல் மனு போட்டவர். கலகக் குற்றச்சாட்டில் மிகைப்படுத்தல் இருந்தது என்று பென்டிங்குக்கே பிற்பாடு மனசு உறுத்தியது. ராஜ்யம் திரும்பியது 1881-ல், வளர்ப்பு மகன் சாமராஜேந்திரருக்கு. கப்பன் எவ்வளவு நல்ல ஆபீசராகவும் இருக்கட்டும், உட்கார்ந்திருந்தது இன்னொருத்தர் நாற்காலி. அதைச் சொல்லாமல் 309 பாலம் கட்டினார் என்றால் வரவு மட்டும் எழுதின லெட்ஜர் மாதிரி ஆகிவிடுகிறது.

அதைவிட ஆதங்கம் அட்டாரா கச்சேரி முன்னால். பதினெட்டு இலாகாவுக்காக 1868-ல் முடித்த சிவப்புக் கட்டடம், இன்றைக்கு ஹைகோர்ட். எண்பதுகளில் இடித்துத்தள்ளப் பார்த்தார்கள், கேஸ் போட்டுக் காப்பாற்றினார்கள் என்பதை அழகாகச் சொன்னான். கட்டின கான்ட்ராக்டர் யார் என்று சொல்லவில்லை! ஆற்காடு நாராயணசாமி முதலியார். நம்ம அல்சூர்ப் பக்கத்து ஆர்.பி.ஏ.என்.எம். பள்ளிக்கூடத்தை ஆரம்பித்தவர். எங்கள் குழுவிலேயே இரண்டு பேர் அங்கே படித்தவர்கள். தமிழ் பேட்ச் என்று தனியாக வைத்துவிட்டு அந்தப் பெயரை விட்டால் எப்படி? கவர்னர் ஜெனரல் கட்டளை போடுவார், செங்கல் அடுக்கியவர்களும் கணக்கு எழுதியவர்களும் யார்?

சேஷாத்ரி ஐயர் நூலகத்துக்கு நேரம் போதவில்லை, வெளியிலிருந்தே காட்டிவிட்டு ஓட்டினான். டிபன் பார்க்குக்கு வெளியே ஒரு தர்ஷினியில், நின்றுகொண்டு. இட்லி பஞ்சு. காபியைப் பற்றிக் குறை சொல்ல ஒன்றும் இல்லை.

சாப்பிடும்போது பையனிடம் கேட்டேன்: கப்பனுக்கு அடுத்து வந்த லூவின் பவுரிங்குக்கு ஏன் ஒரு நடை வைக்கக் கூடாது? அவர்தான் அசல் சிவிலியன். அப்பா ஹாங்காங் கவர்னர். இவர் பெங்கால் சிவில் சர்வீஸில் சேர்ந்து, கானிங் பிரபுவுக்குச் செக்ரட்டரியாக இருந்து, 1862-ல் இங்கே வந்தார். கப்பனின் நாலு டிவிஷனை மூன்றாக்கி, எட்டு ஜில்லா பிரித்து, ஒரு ஆள் பார்த்த வேலையை இலாகா இலாகாவாகப் பங்குபோட்டதும் அவர் காலம்தான். ஜோலார்பேட்டையிலிருந்து ரயில் வந்தது 1864-ல்; நம்ம பாட்டன்மாரில் பாதிப் பேர் அந்த ரயிலில் வந்து இறங்கியவர்கள்தானே? கன்டோன்மென்ட் ஸ்டேஷனில் ஆரம்பித்து, சிவாஜிநகர் வழியாகப் பவுரிங் ஆஸ்பத்திரி வரை நடத்தலாம்.

"பவுரிங்னா ஆஸ்பத்திரின்னு பயந்துக்குவாங்க ஆண்ட்டி. யாரு 700 குடுப்பாங்க?" என்றான்.

"அத்தை குடுப்பாங்க. ஆனா தப்பு தப்பா சொன்னா பாதிதான் குடுப்பாங்க" என்றாள் என் தம்பி மகள்.

போகிறவர்களுக்கு: தமிழில் வேண்டும் என்றால் புக் செய்யும்போதே சொல்லிவிடுங்கள், கடைசி நேரத்தில் கேட்டால் ஆங்கில பேட்சில் சேர்த்துவிடுகிறார்கள். தொப்பி, தண்ணீர் நீங்களே கொண்டுபோங்கள். ஹெட்செட்டை வாங்கும்போதே தட்டிப் பார்த்து வாங்குங்கள். சின்னக் குழந்தைகளுக்குச் சலிக்கும்; பத்து வயசுக்கு மேலே என்றால் அந்த வரி லிஸ்ட்டுக்காகவே கூட்டிப்போகலாம்.