முட்டைக்கோஸ் நூடுல்ஸ் சாலட்: நூடுல்ஸை அப்படியே போடலாமா, வறுக்கலாமா?

மெலிதாகச் சீவிய முட்டைக்கோஸ் மேல் இன்ஸ்டன்ட் நூடுல்ஸை நொறுக்கித் தூவும் சாலட் இது. பலரும் தடுமாறுவது நூடுல்ஸில்தான். பெரும்பாலான இன்ஸ்டன்ட் நூடுல்ஸ் ஏற்கெனவே ஆவியில் வெந்து, எண்ணெயில் பொரிந்து வருபவை. அதனால் இரண்டு விதமும் சரிதான்.

வேலை
அப்படியே: பாக்கெட்டைப் பிரிக்காமல் கையால் நொறுக்கினால் முடிந்தது.
வறுத்து: ஒரு ஸ்பூன் எண்ணெய், மிதமான தீ, சுமார் 5 நிமிடம். பக்கத்திலேயே நின்று கிளற வேண்டும்.

சுவை
அப்படியே: லேசாக மாவு வாசம் அடிக்கும்.
வறுத்து: இங்கே போட்டியே இல்லை. ஓரங்கள் பொன்னிறமாகும்போது வரும் அந்த வாசத்துக்காகவே வறுக்கலாம். பாதாம் சீவலையும் கூடவே போடுங்கள். எள் மட்டும் கடைசியில். முதலிலேயே போட்டால் கருகிக் கசக்கும்.

மொறுமொறுப்பு
அப்படியே: வினிகரும் சோயா சாஸும் பட்டதும் சீக்கிரம் ஊறிவிடும்.
வறுத்து: கொஞ்சம் கூடுதலாகத் தாங்கும், ஆனால் இதுவும் ஊறத்தான் செய்யும். கழுவிய கோஸைத் துணியில் ஒற்றி ஈரம் போக்கினால் இன்னும் நல்லது.

செலவு
பெரிய வித்தியாசம் இல்லை.

அவசரத்துக்கு, அல்லது முந்தின இரவே கலந்து நூடுல்ஸ் மெத்தென்று ஊறினால் பிடிக்கும் என்பவர்களுக்கு அப்படியே போடுவது போதும். விருந்தினர் வருகிறார்கள், கடிக்கும்போது சத்தம் கேட்க வேண்டும் என்றால் வறுத்துவிடுங்கள். அப்புறம், நன்றாக ஆறவிட்டு டப்பாவில் மூடி வையுங்கள். தட்டில் பரிமாறும் நேரத்தில்தான் தூவ வேண்டும்.