கடற்கரையில் ஒரு விருத்தம்: அங்கேயே பதிவதா, வாயசைப்பதா?

ஒரு பாடகர் அவைக்காக அல்லாமல் தமக்காகவே பாடிக்கொள்ளும் குறும்படத்தை ராமநாதபுரம் கடற்கரையில் எடுப்பவர்கள், பாட்டை ஸ்டுடியோவில் முன்பே பதிந்துகொண்டு தனுஷ்கோடியில் வாயசைக்கச் செய்வதா, பாடும் இடத்திலேயே ஒலியையும் பதிவதா என்பதை முதலில் முடிவுசெய்தாக வேண்டும்.

வாயசைப்பின் பக்கம் உள்ள வலுவான நியாயம் காற்றுதான். ஆடி மாதக் கச்சான், அதாவது தென்மேற்குப் பருவக் காற்று, மைக்கின் சவ்வில் நேரடியாக மோதும்போது ஒலியே சிதைந்துவிடுகிறது. தாழ்ந்த அதிர்வெண்களைப் பின்னர் வெட்டினாலும் சிதைந்த குரல் மீளாது. முன்பதிவு இருந்தால் இந்தக் கவலை இல்லை, கேமராவையும் எவ்வளவு தொலைவிலும் நிறுத்தலாம்.

ஆனால் அகம் நோக்கிய பாடல் பெரும்பாலும் சொல்லின்றி ராகத்தை விரிக்கும் ஆலாபனையிலோ, ஒரு செய்யுளை ராகத்தில் விரித்துப் பாடும் விருத்தத்திலோதான் திறக்கிறது. இவ்விரண்டுக்கும் தாளக்கட்டு இல்லை; பாடகர் எங்கே மூச்செடுப்பார், எந்தச் சுரத்தில் நின்று விடுவார் என்பது அந்தக் கணத்தில்தான் தீர்மானமாகிறது. அதைப் பின்னொரு நாளில் உதட்டால் பின்தொடரும்போது, அவருடைய கவனம் ராகத்தைத் தேடுவதை விட்டுத் தம் பழைய குரலைப் பிடிப்பதில் சென்றுவிடும். தொண்டைக் குழியின் அசைவும் கண்ணும் அதைக் காட்டிக்கொடுக்கும். தாளத்தோடு அமைந்த கீர்த்தனையில் இந்த இழப்பு குறைவு என்பதையும் சொல்ல வேண்டும்.

நேரடிப் பதிவுக்கு இந்த நிலமே ஒரு வழி வைத்திருக்கிறது. கச்சான் காலத்தில் மன்னார் வளைகுடாவான ஆண்கடல் கொந்தளிக்க, பாக் நீரிணைப் பக்கமுள்ள பெண்கடல் அடங்கியிருக்கும். வாடைக் காலத்தில் நிலைமை பெரும்பாலும் மாறிவிடும். பருவம் பார்த்துக் கரையைத் தேர்ந்து, காற்றுக்கு முதுகு காட்டிய ஒரு சுவரோரம் பாடகரை அமர்த்தி, ரோமஉறை போட்ட மைக்கை நெருக்கமாக வைத்தால் குரல் தெளிவாகவே கிடைக்கும். கஞ்சிரா உடனிருந்தால் ஈரக்காற்றில் அதன் தோல் தளர்ந்து சுருதி இறங்கும் என்பதால், ஒவ்வொரு ஷாட்டுக்கும் முன்பு சரிபார்க்க வேண்டும்.

1964 டிசம்பர் புயலில் சிதைந்த தனுஷ்கோடி தேவாலயத்தைப் பின்னணியாக்குவதை நான் ஏற்கவில்லை. பார்ப்பவரின் மனம் பாடகரை விட்டு அந்த ஊரின் துயரத்துக்குப் போய்விடுகிறது. அந்தத் துயரத்துக்கும் அது நியாயம் செய்வதில்லை. பாம்பனிலோ தங்கச்சிமடத்திலோ ஒரு வீட்டுத் திண்ணை போதும்.

என் தேர்வு நேரடிப் பதிவே. உதடு தெரியாத தொலைவு ஷாட்டுகளுக்கு மட்டும், அதே அமர்வில் பதிந்த குரலைப் பொருத்திக்கொள்ளலாம்.