மீன்தொட்டி வீடியோவைக் காட்டி விற்கும் 4கே பெட்டி: திருகோணமலை ஆட்கள் கவனம்

போன மாதம் ரவுனில் ஒரு கடையில் ஆண்ட்ராய்டு டிவி பெட்டி வாங்கி ஏமாந்தேன். விலை 14,500 ரூபா. கடையின் பெயர் வேண்டாம், இதே பெட்டி வேறு இடங்களிலும் அடுக்கியிருக்கிறது.

வாங்கியதே நெட்ஃபிளிக்ஸில் ஃபுல்லர் ஹவுஸ் என்ற தொடரைப் பார்க்கத்தான். அதற்கு முந்திய தொடரான, 1987 முதல் 1995 வரை ஓடிய ஃபுல் ஹவுஸை, கனடாவில் இருந்து மாமா பதிந்து அனுப்பிய கசெட்டில்தான் நானும் தங்கச்சியும் பார்த்தோம். அங்கத்தைய கசெட் என்.டி.எஸ்.சி. என்ற முறை, எங்கள் வீட்டு டெக்கோ பி.ஏ.எல். (PAL) என்ற வேறு முறை. கலர் வராது, படம் உருண்டுகொண்டே இருக்கும். அப்படியும் விடவில்லை. 2016இல் நெட்ஃபிளிக்ஸ் அதே குடும்பத்தை வளர்ந்த பிள்ளைகளோடு ஃபுல்லர் ஹவுஸாகத் திரும்பக் கொண்டுவந்தது. தங்கச்சி லீவில் வந்து நிற்கும்போது, இந்த முறையாவது தெளிவாகப் பார்ப்போம் என்று ஆசை.

கடைத் தம்பி யூடியூப்பில் மீன்தொட்டி வீடியோ ஒன்றைப் போட்டுக் காட்டினார். மீனின் செதில் எண்ணலாம். "4கே அக்கா, நெட்ஃபிளிக்ஸும் இருக்கு, எல்லாம் ஓடும்."

உவர்மலையில் வீட்டுக்குக் கொண்டுவந்து பூட்டினால் முகமெல்லாம் களிமண். ஆள் திரும்பினால் தலைமுடி சதுரம் சதுரமாக உடைகிறது. சப்டைட்டில் மட்டும் கூர்மை. ரிமோட்டில் மவுஸ் அம்பை இழுத்து இழுத்துத்தான் தொடரைத் தெரிவுசெய்யவேண்டும், ஏனென்றால் உள்ளே போட்டிருந்தது போனுக்கான செயலி.

கடைக்குக் கோல் எடுத்தேன். "உங்கட லைன் ஸ்லோவா இருக்கும் அக்கா." நெட்ஃபிளிக்ஸ் 1080பி எச்.டி. படத்துக்குக் கேட்கும் நெட் வேகம் 5 எம்.பி.பி.எஸ்., 4கேக்கு 15. எனக்கு 30க்கு மேல் வருகிறது. பிறகு டிவியில் பிழை என்றார்கள். டிவியோ 3840க்கு 2160, அதாவது 4கே என்று காட்டுகிறது! உள்ளே வருவது 480 வரிப் படம். பெட்டி அதை ஊதிப் பெருப்பித்து 4கே என்று வெளியே விடுகிறது.

அந்தச் செயலியின் செட்டிங்ஸைக் கிண்டியபோதுதான் பிளேபேக் ஸ்பெசிஃபிகேஷன் என்ற இடம் அகப்பட்டது. வைட்வைன் எல்3, உச்சத் தெளிவு எஸ்.டி., அதாவது எச்.டி.க்கும் கீழே. வைட்வைன் என்பது களவாகப் பிரதி எடுக்காமல் இருக்கக் கூகுள் செய்த பூட்டு. சிப்புக்குள் பாதுகாப்பாகத் திறக்கும் கருவிக்கு எல்1, வெறும் மென்பொருளால் திறப்பதற்கு எல்3. எல்3 பெட்டிக்கு நெட்ஃபிளிக்ஸ் எச்.டி. தராது, நீங்கள் எந்தப் பேக்கேஜுக்குக் காசு கட்டினாலும். யூடியூப்பின் சாதாரண வீடியோவுக்கு அந்தப் பூட்டே இல்லை. மீன் அவ்வளவு வடிவாகத் தெரிந்தது அதனால்தான்.

அட்டையில் ஏவி1 என்றும் அச்சடித்திருந்தது. பழைய எச்.264ஐ விடக் குறைந்த டேட்டாவில் அதே தெளிவு தரும், வீடியோவைச் சுருக்கும் 2018ஆம் ஆண்டு முறை அது, ஆனால் தடங்காமல் ஓட சிப்பே அதை விரிக்கவேண்டும். தங்கச்சியின் கல்யாண வீடியோவை ஏவி1 ஆக்கிப் பென் டிரைவில் போட்டேன். சத்தம் தாலி கட்டி முடித்துவிட்டது, படத்தில் மாப்பிள்ளை இன்னும் காரால் இறங்கவில்லை.

நேரே போனேன். பில்லில் இருப்பது "டிவி பொக்ஸ் 1" மட்டும். 4கே என்றோ நெட்ஃபிளிக்ஸ் என்றோ ஒரு எழுத்தில்லை. 3,000 கழித்து வேறு சாமான் எடுக்கலாமாம். எடுக்காமல் வந்துவிட்டேன். பாவனையாளர் அலுவல்கள் அதிகார சபையின் 1977 என்ற தொலைபேசி இலக்கத்துக்கு முறையிட, பில்லையும் அட்டையையும் பத்திரமாக வைத்திருக்கிறேன்.

வாங்கப் போகிறவர்கள் மீனைப் பார்க்காதீர்கள். உங்கள் நெட்ஃபிளிக்ஸ் கணக்கைக் கடையிலேயே போட்டு, தொடரின் பெயருக்குக் கீழே எச்.டி. குறி வருகிறதா என்று பாருங்கள். நெட் இல்லை என்றால் உங்கள் போனில் ஹொட்ஸ்பொட் போடுங்கள். "நெட்ஃபிளிக்ஸ் எச்.டி. ஓடும்" என்று பில்லில் எழுதி வாங்குங்கள், எழுத மாட்டோம் என்றால் பெட்டியை அங்கேயே வைத்துவிட்டு வாருங்கள்.

தங்கச்சி போன கிழமை திரும்பிவிட்டாள். முதல் 4 கதையையும் என் போனில் தலை முட்ட முட்டப் பார்த்தோம். போன் எல்1.