ஏஞ்சல் மீன்: அபூர்வமானதை வாங்கலாமா, சாதாரணமானதே போதுமா?

ஏஞ்சல் வளர்க்க ஆசைப்படுகிறவர்கள் பெரும்பாலும் இரண்டில் ஒரு கேள்வியோடுதான் வருவார்கள். "யார்கிட்டயும் இல்லாத ரகம் எது?" அல்லது "சாகாம இருக்கிற ரகம் எது?" இரண்டுக்கும் ஒரே மீன் பதிலாக அமைவது அபூர்வம்.

அபூர்வத்திலேயே இரண்டு விதம் உண்டு. ஒன்று ஆற்றிலிருந்து வரும் அபூர்வம். ஏதோ ஒரு குறிப்பிட்ட நீர்ப்படுகையில் மட்டும் வாழும், தொட்டியில் லேசில் குஞ்சு பொரிக்காது. இன்னொன்று வளர்ப்பவர்கள் மரபணுக்களை அடுக்கி உண்டாக்கிய அபூர்வம். குஞ்சுகள் தேறி வருவது குறைவு, அதனால் அரிது. முதல் விதத்துக்குத் தண்ணீருக்காகப் பாடுபட வேண்டும். இரண்டாவதில் தெம்பில்லாத மீனைத் தேற்றப் பாடுபட வேண்டும். எதை வாங்குவதற்கு முன்பும் இது எந்த விதம் என்று பார்த்துக்கொண்டால் பாதித் தலைவலி குறையும்.

முதலில் பெரிய போட்டியைப் பார்ப்போம்: ஆல்டமா, ஸ்கலேரா?

நாம் சாதாரணமாக ஏஞ்சல் என்று சொல்வது ஸ்கலேர் இனம். 1823-லேயே அறிவியல் பெயர் பெற்றது. அமேசான் படுகையில் பரவலாக வாழ்வது. கடையில் காணும் மார்பிள், கோய், கறுப்பு, கோல்டு எல்லாம் இதிலிருந்து பிறந்த நிற ரகங்களே. ஆல்டம் தனி இனம். 1903-ல் பிரெஞ்சு விலங்கியலாளர் பெல்லெக்ரின் விவரித்தது. ஒரினோக்கோ படுகையிலும் ரியோ நீக்ரோவின் மேல்பகுதியிலும் வாழ்கிறது. அங்கே தண்ணீர் தேயிலைச் சாறு போல இருக்கும். இலைதழை ஊறிய அமிலத் தண்ணீர், கடினத்தன்மை கிட்டத்தட்ட இல்லவே இல்லை.

தோற்றத்தில் ஆல்டத்துக்கு முன் ஸ்கலேர் நிற்க முடியாது, இதை ஒத்துக்கொள்ள வேண்டும். நன்றாக வளர்ந்த ஆல்டம், மேல்துடுப்பின் நுனியிலிருந்து கீழ்த்துடுப்பின் நுனி வரை 30 சென்டிமீட்டரைத் தாண்டும். ஆறேழு மீன்கள் ஒன்றாக, அவசரமே இல்லாமல், வேர்க்கட்டைகளுக்கு நடுவே திரும்பும்போது கோயில் தேர் திரும்புவதுபோல இருக்கும்.

ஆனால் அந்தக் காட்சிக்கு என்ன வேண்டும் என்று பாருங்கள். 60 சென்டிமீட்டருக்குக் குறையாத உயரமுள்ள தொட்டி. 28 முதல் 30 டிகிரி வெப்பம். பிஹெச் (தண்ணீரின் அமில அளவு) 6-க்குக் கீழே. ஆர்ஓ தண்ணீர் இல்லாமல் பலருக்கு இது நடக்காது. சந்தைக்கு வருபவற்றில் பெரும்பகுதி ஆற்றில் பிடித்தவை. பயணக் களைப்போடும் குடல் புழுக்களோடும் வந்து சேரும். தனித்தொட்டியில் சில வாரங்கள் வைத்து, சாப்பிடுகிறதா, கழிவு வெள்ளை நூலாக வருகிறதா என்று கவனிக்க வேண்டும். இந்தக் கட்டத்தில்தான் பலருடைய ஆல்டம் கனவு முடிந்துபோகிறது.

ஸ்கலேருக்கு 45 சென்டிமீட்டர் உயரம் போதும். 24 முதல் 28 டிகிரி, பிஹெச் 6-லிருந்து 7.5 வரை எதிலும் இருந்துகொள்ளும். பல தலைமுறைகளாகத் தொட்டியிலேயே பிறந்து வளர்ந்ததால் குழாய்த் தண்ணீர் அதற்குப் பழகிவிட்டது. முதல் ஏஞ்சல் என்றால் ஸ்கலேர்தான், இதில் எனக்கு இரண்டாவது யோசனை இல்லை.

ஒரு எச்சரிக்கை. ஆல்டம் என்று சொல்லி விற்பதெல்லாம் ஆல்டம் இல்லை. நண்பர் ஒருவர் "ஆல்டம் எடுத்துட்டேன்ணே" என்று படம் அனுப்பினார். உயரமான அழகான மீன்தான். ஆனால் நெற்றியைப் பெரிதாக்கிப் பார்த்தேன். உண்மையான ஆல்டத்துக்கு வாய்க்கு மேலே, கண்ணுக்கு முன்னால் ஒரு பள்ளம் விழுந்திருக்கும், யாரோ கட்டைவிரலால் அழுத்திவிட்டதுபோல. இதில் நெற்றி வழவழவென்று நேராக இறங்கியது. "பெரு ஆல்டம்" என்ற பெயரில் வரும் மீன் அது. பெருவின் ஆறுகளிலிருந்து வரும் உயரமான ஸ்கலேர், அவ்வளவுதான். அவருக்கு முதலில் வருத்தம். அப்புறம் அந்த மீன் சாதாரணத் தண்ணீரிலேயே நன்றாக வளர்ந்ததும் வருத்தம் போய்விட்டது. நெற்றிப் பள்ளம் மட்டும் தெரிந்தால் போதும், யாரும் ஏமாற்ற முடியாது.

மூன்றாவது இனமும் ஒன்று உண்டு, லியோபோல்டி. பெல்ஜிய மன்னர் மூன்றாம் லியோபோல்டின் பெயரைத் தாங்கியது, 1963-ல் விவரிக்கப்பட்டது. மூன்றிலும் சிறியது. மேல்துடுப்பின் அடியில் கறுப்புப் பொட்டு இருக்கும். சண்டைக்காரன் என்று பெயரெடுத்தது. சேகரிப்பாளர்களுக்கு இது பொக்கிஷம், பார்த்து ரசிக்க மட்டும் வளர்ப்பவர்களுக்குத் தேவையில்லை.

சரி, நிற ரகங்களுக்கு வருவோம். இங்கே எனக்குப் பிடித்த ஒப்பீடு முழுக் கறுப்புக்கும் பிளாக் லேஸுக்கும் உள்ளது.

இரண்டுக்கும் காரணம் ஒரே மரபணு. ஒரு பிரதி இருந்தால் பிளாக் லேஸ், இரண்டு பிரதி இருந்தால் முழுக் கறுப்பு. வெல்வெட் துணியை வெட்டி நீந்தவிட்டது போன்ற அந்தக் கறுப்பு யாரையும் நிற்க வைக்கும். ஆனால் இரட்டைப் பிரதி உள்ள குஞ்சுகள் மெதுவாக வளரும், சுலபமாகச் சாகும். நான் ஒருமுறை இரண்டு லேஸ்களை ஜோடி சேர்த்தேன். கணக்குப்படி நான்கில் ஒரு பங்கு கறுப்பு, பாதி லேஸ், மீதி சில்வர் (சாதாரண வெள்ளி நிற ஏஞ்சல்) வர வேண்டும். நீந்தத் தொடங்கியதும் கூட்டத்தில் கறுப்பு நன்றாகவே இருந்தது. ஆர்ட்டிமியா என்ற பொடி இறாலைக் கொடுத்தால் லேஸும் சில்வரும் வயிறு ஆரஞ்சாக உப்பித் திரியும். கறுப்புக் குஞ்சுகள் மூலையில் பாதி வயிற்றோடு நிற்கும். கடைசியில் தேறிய கறுப்பை ஒரு கை விரல்களில் எண்ணிவிடலாம்.

அதனால் நான் லேஸ் பக்கம். சாயங்கால வெளிச்சம் பின்னாலிருந்து படும்போது லேஸின் துடுப்பில் தெரியும் வலைப்பின்னல், முழுக் கறுப்பில் கிடைக்காத அழகு. கறுப்பேதான் வேண்டும் என்று அடம்பிடிப்பவர்களுக்கும் வழி இருக்கிறது. கறுப்பையும் கோல்டையும் சேர்த்தால் பிறக்கும் ஹைப்ரிட் பிளாக், ஏறக்குறைய அதே கறுப்போடு நல்ல தெம்பாகவும் இருக்கும். விற்பவரிடம் பெற்றோர் என்ன நிறம் என்று கேளுங்கள். பதில் தெரிந்தவரிடம் வாங்குவதே பாதிப் பாதுகாப்பு.

அடுத்து மார்பிளும் கோயும். மார்பிள் 1960-களின் இறுதியில் அமெரிக்காவில் வெளிவந்த ரகம், இன்று எங்கும் கிடைக்கிறது. சலிப்பான மீன் என்று சிலர் முகம் சுளிப்பார்கள். எனக்கு அப்படித் தோன்றியதில்லை. எந்த இரண்டு மார்பிளும் ஒரே மாதிரி இருக்காது, பெயர் வைத்துக் கூப்பிடலாம். கோய் இன்னும் கண்ணைக் கவரும். வெள்ளை உடல், கறுப்புத் திட்டு, தலையில் ஆரஞ்சு. இளசாக இருக்கும்போது செவுள் மூடி கண்ணாடிபோல இருப்பதால் உள்ளே இருக்கும் சிவப்பு தெரியும். அதைக் காயம் என்று நினைத்து மருந்து ஊற்றியவர்களும் உண்டு. கோய் ரகத்தில் ஒரு சிக்கல்: வாங்கிய அன்று பார்த்த கறுப்புத் திட்டு அப்படியே இருக்கும் என்று நம்ப முடியாது. மீன் மிரண்டால் ஒருவிதம், வளர்ந்தால் ஒருவிதம். திட்டுக்காக வாங்காதீர்கள், தலை ஆரஞ்சுக்காக வாங்குங்கள்.

வெயில்டெயில் (veiltail, நீளத்துடுப்பு ரகம்) பற்றிச் சுருக்கமாகச் சொல்கிறேன். நீளத்துடுப்பு மரபணு ஒரு பிரதி இருந்தால் அழகு. இரண்டு பிரதி இருந்தால் சூப்பர்வெயில். துடுப்பின் பாரம் தாங்காமல் நீந்தவே திணறும், நுனி கிழியும், சாப்பாட்டுக்கு முந்த முடியாது. பார்க்கப் பாவமாக இருக்கும். நான் வாங்குவதில்லை. எந்த வெயில்டெயிலோடும் டைகர் பார்ப் மீனை விடக்கூடாது, ஒரே நாளில் துடுப்பைக் கிழித்துவிடும்.

அரிய நிறங்களில் காசு போடத் தகுந்தது எது என்று கேட்டால் பிலிப்பைன் புளூ என்பேன். பிலிப்பைன்ஸ் வளர்ப்பாளர்களிடமிருந்து வந்த ஒடுங்கு மரபணு இது. இரண்டு பெற்றோரும் கொடுத்தால்தான் நீலம் வெளியே தெரியும். ஒன்று மட்டும் கிடைத்த மீன் சாதாரண சில்வர் போலவே இருக்கும். முழுக் கறுப்பைப் போல இது மீனின் தெம்பைத் தின்பதில்லை, என் அனுபவத்தில் சில்வருக்குச் சமமாகத் தாங்குகிறது. இதே நீல மரபணுவோடு கோல்டு சேர்ந்தால் பிளாட்டினம். பளபளவென்று வெள்ளி முலாம் பூசியதுபோல இருக்கும். ஆனால் வெள்ளை மணலும் வெளிறிய விளக்கும் உள்ள தொட்டியில் பிளாட்டினம் இருக்கும் இடமே தெரியாது. இருண்ட பின்னணியும் அடர்ந்த செடியும் இருந்தால் மட்டும் எடுங்கள்.

எந்த ரகமானாலும் நியான் டெட்ரா என்ற சின்ன மீனோடு விடலாமா என்று கேட்பார்கள். குஞ்சு ஏஞ்சலாக இருக்கும்போது விடலாம், வளர்ந்ததும் ஒவ்வொரு நியானாகக் காணாமல் போகும். காட்டில் ஏஞ்சல்கள் சின்ன மீன்களையும் தின்பவைதான், அவற்றின் மேல் தப்பில்லை.

இப்போது என் தொட்டியில் இரண்டு லேஸ், ஒரு மார்பிள், ஒரு பிலிப்பைன் புளூ ஜோடி. ஜோடி நேற்று சாயங்காலம் ஃபில்டர் குழாயின் மேல் வரிசையாக முட்டையிட்டு, அம்மா விசிற, அப்பா மார்பிளைத் துரத்த, ஒரே அமர்க்களம். இன்று காலை விளக்கைப் போட்டுப் பார்த்தால் குழாய் சுத்தமாகத் துடைத்துக் கிடக்கிறது. மார்பிள் மூலையில் அப்பாவி போல நிற்கிறது. வயிறு உப்பியிருப்பது என்னவோ புளூக்கள் இரண்டுக்கும்தான்.