குமுளி லேடீஸ் இன்னர்வேர் கடை: பிள்ளைக்கு முதல் பிரா எடுக்கணும்னா இங்க போங்க

4 ஸ்டார். ஏலக்கா கடைக்கும் சாக்லேட் கடைக்கும் நடுவுல இருக்குற சின்னக் கடை, பாதி பேரு பாக்காமலே தாண்டிப் போயிருவாங்க.

வண்டிப்பெரியாறு பக்கம் துணிமணின்னா நாங்க கம்பம்தான் இறங்குவோம், விலை கம்மி. ஆனா ஆறாவது படிக்கிற பிள்ளையக் கூட்டிட்டு அங்க போய் நின்னா, கவுண்டர்ப் பையன் "என்ன சைஸ்க்கா"ன்னு தெருவுக்கே கேக்குற மாதிரி கத்துவான், இது என் முதுகுக்குப் பின்னாடி போய் ஒளிஞ்சுக்கும். சைஸ் எனக்கென்ன தெரியும், எங்கம்மா பழைய பேப்பர்ல சுத்திக் கையில குடுத்து "போட்டுக்க"ன்னதோட சரி.

இங்க பூரா பொம்பளைங்க. ஓனர் சேச்சி பாதி மலையாளம் பாதி தமிழ், என்னைய ஓரமா உக்கார வச்சுட்டு பிள்ளைகிட்டதான் பேசுனாங்க. "மோளே, எங்க உறுத்துது"ன்னு கேட்டு, திரைக்கு உள்ள யூனிபார்ம் மேலயே டேப் வச்சு மார்புக்குக் கீழ ஒரு சுத்து, மேல ஒரு சுத்து, அந்த ரெண்டுக்கும் உள்ள வித்தியாசந்தான் கப் சைஸாம், இத்தனை வருஷம் போட்டுட்டு எனக்கே இப்பத்தான் தெரியுது. கப்பெல்லாம் இப்ப வேண்டாம்னு கம்பி, ஸ்பாஞ்ச் இல்லாத காட்டன்ல ரெண்டு எடுத்துக் குடுத்தாங்க. கலர் பிள்ளையே எடுத்துச்சு. ஒரு பக்கம் மட்டும் பெருசா இருக்குன்னு உள்ள சேச்சிகிட்ட சொல்லிருக்கு (என்கிட்ட மூச்சு விடல!), "ஒண்ணு முந்தி வரும், இன்னொண்ணு பின்னாடி வரும், எல்லாருக்கும் உள்ளதுதான்"னு சேச்சி சிரிச்சுட்டாங்க. பிறகு நர்ஸ் அக்காகிட்ட கேட்டேன், அவங்களும் அதையேதான் சொன்னாங்க, 8 வயசுலருந்து 13க்குள்ள எப்ப வேணா முளைக்கலாம், எட்டுக்கு முன்னாடின்னா டாக்டர்கிட்ட காட்டணும், முளைச்சு ஏறக்குறைய ரெண்டு ரெண்டரை வருஷத்துல வயசுக்கு வந்துருவாங்களாம். இப்பவே ஸ்கூல் பேக்ல ஒரு பேடு வச்சு விட்டுட்டேன்.

பேடும் விக்கிறாங்க, ஆனா கம்பெனி அயிட்டம் மட்டுந்தான், ஜன் ஔஷதின்னு கவர்மெண்ட் திட்டத்துல நடக்குற மலிவு மருந்துக்கடைல சுவிதா பேடு ஒண்ணு 1 ரூபாதான். பேடுக்கு ஜிஎஸ்டியவே 2018ல எடுத்தாச்சு, அந்தக் கருப்பு கவர மட்டும் எவனும் எடுக்க மாட்டேங்குறான், இவ்வளவு பேசுற சேச்சியும் அதே கவர்லதான் போட்டுத் தர்றாங்க, ஒரு ஸ்டார் அதுக்குத்தான் கட்.

கம்பத்தை விட விலை கொஞ்சம் ஜாஸ்திதான். ஞாயித்துக்கிழமை மட்டும் போகாதீங்க, தேக்கடி டூரிஸ்ட் கூட்டத்துல ஸ்கூட்டி நிறுத்தக்கூட இடம் இருக்காது.