பேட்ஜ் இல்லை என்று பயம் காட்டி 3,30,000 ரூபாயைப் பிடுங்கிக்கொண்டார்கள்

மூன்று லட்சத்து முப்பதாயிரம் ரூபாய். விபத்தில் இறந்த என் தங்கை கணவரின் உயிருக்கு வந்த இழப்பீட்டிலிருந்து ஒரு "விபத்து வழக்கு ஆலோசனை" அலுவலகம் எடுத்துக்கொண்ட தொகை இது. நேற்று வங்கிப் புத்தகத்தில் பதிவு போட்டு வாங்கியபோதுதான் தெரிந்தது. 6,00,000 வரவு, மறுநாளே 3,30,000 பற்று. எரிகிற வீட்டில் பிடுங்கியவரை லாபம் என்பார்களே, அதை வரி வரியாக அச்சடித்துக் கையில் கொடுத்தது வங்கி.

மாப்பிள்ளைக்கு 34 வயது. லேத் பட்டறையில் வேலை, மாதம் 15,000 சம்பளம். உளுந்தூர்பேட்டை அருகே நெடுஞ்சாலையில் தவறான பக்கத்தில் வந்த சிறிய சரக்கு வாகனம் மோதி அங்கேயே உயிர் போனது. ஓட்டுநர் மீது வழக்குப் பதிவானது. வாகனத்துக்குக் காப்பீடும் நடப்பில் இருந்தது. சிக்கலே இல்லாத வழக்கு இது என்று இப்போது சொல்கிறார்கள்.

காரியம் முடிந்த மறுநாள் அந்த அலுவலகத்து ஆள் வீட்டுக்கு வந்தான். வெள்ளைச் சட்டை, கையில் பிளாஸ்டிக் கோப்பு. அதன் மேல் மாப்பிள்ளையின் பெயரும் குற்ற எண்ணும் எழுதி ஒட்டியிருந்தது. உள்ளே முதல் தகவல் அறிக்கை, பிரேதப் பரிசோதனைச் சான்று, மோட்டார் வாகன ஆய்வாளர் அறிக்கை எல்லாம் வரிசையாக இருந்தன. நாங்கள் காவல் நிலையத்தில் கேட்டு "பிறகு வாருங்கள்" என்று திருப்பி அனுப்பப்பட்ட அதே காகிதங்கள்! அவற்றைப் பார்த்ததும் இவர் விவரம் தெரிந்தவர் என்று எல்லோருக்கும் நம்பிக்கை வந்துவிட்டது. "தங்கச்சி, நீ ஒரு பைசா எடுத்துவைக்க வேண்டாம். பணம் வந்தபிறகு பார்த்துக்கொள்ளலாம்" என்றான். பிள்ளைகளின் படிப்பை விசாரித்தான். காரியச் செலவுக்கு வைத்துக்கொள்ளச் சொல்லி மாப்பிள்ளையின் அம்மா கையில் ஐயாயிரம் ரூபாயைத் திணித்தான். வழக்கறிஞர் நமக்காக வாதாட அனுமதி தரும் வக்காலத்தில் கையெழுத்து வாங்கினான். புதிதாக வங்கிக் கணக்குத் தொடங்க வைத்து, நீதிமன்றச் செலவுக்குத் தேவைப்படும் என்று தொகை எழுதாத காசோலைகளிலும் கையெழுத்து வாங்கிக்கொண்டான்.

அதற்குப் பிறகுதான் பேட்ஜ் கதை ஆரம்பமானது. ஓட்டுநரிடம் இலகுரக வாகன உரிமம் மட்டும்தான் இருக்கிறது, சரக்கு வண்டி ஓட்டுவதற்கான தனி அனுமதியான பேட்ஜ் இல்லை, அதனால் காப்பீட்டு நிறுவனம் ஒரு ரூபாய்கூடத் தராது, வண்டிக்காரன் ஓட்டாண்டி, அவனிடம் எதுவும் பெயராது என்று ஒவ்வொரு முறையும் பயமுறுத்தினான். காப்பீட்டு நிறுவனமும் லேசுப்பட்டதல்ல. பதில் மனுவில் அதே பேட்ஜைத்தான் எழுதியிருந்தது. கடைசியில் "எப்படியோ பேசி 11 லட்சத்துக்குச் சம்மதிக்க வைத்திருக்கிறேன், இதை விட்டால் அதுவும் இல்லை" என்று, இரு தரப்பும் சமரசம் பேசி முடிக்கும் மக்கள் நீதிமன்றத்துக்கு அழைத்துப்போனான். வக்காலத்தில் இருந்த வழக்கறிஞரை அன்றுதான் முதன்முதலாகப் பார்த்தோம். பெயரைச் சரிபார்த்தார், கையெழுத்துப் போடும் இடத்தைப் பேனாவால் தட்டிக் காட்டினார், போய்விட்டார். பிள்ளைகள் இருவர் பெயரிலும் தலா இரண்டு லட்சம் வைப்புநிதி, மாமியாருக்கு ஒரு லட்சம், தங்கைக்கு ஆறு லட்சம். அந்த ஆறிலிருந்துதான் 3,30,000 போனது.

கேட்கப் போனால் "ஐயா கோர்ட்டில் இருக்கிறார்" என்கிறாள் அலுவலகப் பெண். உட்கார்ந்து காத்திருந்தால் "மொத்தத் தொகையில் முப்பது சதவீதம், இதுதான் வழக்கம்" என்கிறான் அவன். ரசீது கேட்டதற்குச் சிரிக்கிறான். வழக்கறிஞரோ "அதெல்லாம் அவரோடு பேசிக்கொள்ளுங்கள்" என்று இணைப்பைத் துண்டித்தார். காப்பீட்டு அலுவலகத்தில் "நாங்கள் செலுத்திவிட்டோம், கோப்பு முடிந்தது". காவல் நிலையத்தில் "நீங்களே கையெழுத்துப் போட்ட காசோலைதானே, இது சிவில் விவகாரம்". எல்லோருக்கும் கோப்பு முடிந்துவிட்டது, என் தங்கையைத் தவிர.

இன்று காலை மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குப் போனேன். அங்கிருந்த மூத்த வழக்கறிஞர் வயதைக் கேட்டார். 34 என்றதும் "பெருக்கு எண் 16" என்று ஒரு தாளின் பின்பக்கத்தில் எழுதினார். ஆண்டு வருமானத்தை எத்தனையால் பெருக்கவேண்டும் என்று வயதை வைத்துச் சொல்லும் எண் அது. நிரந்தர வேலை இல்லாவிட்டாலும் 40 வயதுக்குள் இருந்தால் வருமானத்தோடு 40 சதவீதம் கூட்டவேண்டும் என்று உச்ச நீதிமன்ற அரசியல் சாசன அமர்வு 2017-இல் தீர்ப்பளித்திருக்கிறதாம். ஆக 21,000. சார்ந்திருப்பவர்கள் நான்கு பேர் என்பதால் அவருடைய சொந்தச் செலவுக்குக் கால் பங்கு கழித்தால் 15,750. அதைப் பன்னிரண்டாலும் பதினாறாலும் பெருக்கினால் 30,24,000. இறுதிச் சடங்குச் செலவும், கணவரையும் தகப்பனையும் இழந்ததற்கான தொகைகளும் தனி. எங்களுக்கு முடித்துக்கொடுத்தது பதினொன்று!

பேட்ஜ் பற்றிக் கேட்டேன். 7,500 கிலோவுக்கு மேற்படாத சரக்கு வாகனத்தை ஓட்ட இலகுரக வாகன உரிமமே போதும் என்று உச்ச நீதிமன்றம் 2017-இல் சொன்னதை, 2024 நவம்பரில் ஐந்து நீதிபதிகள் அமர்வு உறுதி செய்துவிட்டது. எங்கள் வழக்கின் வண்டி அந்த எடைக்கு வெகு கீழே. உரிமத்தில் உண்மையாகவே கோளாறு இருந்த எத்தனையோ வழக்குகளில்கூட, முதலில் நிறுவனம் இழப்பீட்டைக் கொடுக்கட்டும், பிறகு வாகன உரிமையாளரிடம் வசூலித்துக்கொள்ளட்டும் என்று தீர்ப்பாயங்கள் உத்தரவிட்டிருக்கின்றனவாம். மக்கள் நீதிமன்றத் தீர்ப்புக்கு மேல்முறையீடு கிடையாது என்பதையும் அவர்தான் சொன்னார். அதைக் கேட்டதிலிருந்து எனக்குத் தலை கொதிக்கிறது.

என்ன செய்யவேண்டும் என்று விரிவாக எழுதத்தான் உட்கார்ந்தேன், இப்போது பொறுமை இல்லை. பெண்களுக்கு வருமானம் எவ்வளவாக இருந்தாலும் சட்டப்பணிகள் ஆணைக்குழு இலவசமாக வழக்கறிஞரைத் தரும். முதலில் அங்கே போங்கள். இழப்பீட்டு மனுவை விபத்து நடந்து ஆறு மாதத்துக்குள் போட்டுவிடுங்கள். வரும் தொகையில் பங்கு பேசி வழக்கு நடத்துவதை வழக்கறிஞர்களுக்குப் பார் கவுன்சில் விதிகள் தடை செய்கின்றன, "இதுதான் வழக்கம்" என்று எவன் சொன்னாலும் நம்பாதீர்கள். நாங்கள் பார் கவுன்சிலுக்குப் புகார் எழுதிக்கொண்டிருக்கிறோம், 3,30,000 ரூபாயையும் விடப்போவதில்லை. இதேபோலத் தொகை எழுதாத காசோலைகளைக் கொடுத்துவிட்டு இழப்பீட்டுக்குக் காத்திருப்பவர்கள், நாளைக் காலையே வங்கிக்குப் போய் அந்த எண்களுக்குப் பணம் கொடுக்கவேண்டாம் என்று எழுதிக்கொடுத்து, முத்திரையிட்ட நகலைக் கையோடு வாங்கிவிடுங்கள்.