தூண்டில் போட யாரைக் கேட்கணும்? ஆறு, குளம், முகத்துவாரம்: ஒரு டெல்டாக்காரனின் ஒப்பீடு

இங்கிலாந்திலிருந்து லீவுக்கு வந்த அண்ணன் மகன் பெட்டியைத் திறந்ததும் முதலில் எடுத்தது ஒரு மடக்குத் தூண்டில் ராடு. அடுத்து கேட்டது இது: "சித்தப்பா, இங்க மீன்பிடி லைசென்ஸ் எந்த ஆபீஸ்ல வாங்கணும்? ஆன்லைன்லயே கிடைக்குமா?"

எனக்குச் சிரிப்புதான் வந்தது. அரைக்கால் டவுசர் காலத்திலிருந்து பாமணியாற்றில் தூண்டில் போடுகிறேன். ஒருத்தரும் என்னிடம் சீட்டு கேட்டதில்லை. ஆனால் மூன்று தடவை விரட்டியிருக்கிறார்கள். சீட்டு இல்லாத ஊரில் எதற்காக விரட்டினார்கள் என்று அவனுக்கு விளக்கப் போய் விளைந்ததுதான் இந்த அலசல்.

அவன் ஊர் முறையை முதலில் சொல்லிவிடுகிறேன், ஒப்பிட வசதியாக இருக்கும். இங்கிலாந்தில் 13 வயது ஆன யாராக இருந்தாலும் நன்னீரில் தூண்டில் போட அரசின் சுற்றுச்சூழல் முகமை தரும் ராடு லைசென்ஸ் வேண்டும். 13 முதல் 16 வயது வரை இலவசம், ஆனாலும் எடுத்தே ஆகணும். இல்லாமல் பிடிபட்டால் அபராதம் 2,500 பவுண்டு வரை போகும். கடலுக்கு இந்த லைசென்ஸ் தேவையில்லை. மார்ச் 15 முதல் ஜூன் 15 வரை ஆறுகளில் கெண்டை இன மீன்களுக்குத் தூண்டில் கூடாது. இவ்வளவையும் அவன் ஒப்பித்துவிட்டு, "ஆனா லைசென்ஸ் மட்டும் இருந்தா போதாது சித்தப்பா. கரை யாரோடதோ அவங்ககிட்ட தனியா டிக்கெட் வாங்கணும்" என்றான்.

அங்கேதான் எனக்குப் பிடி கிடைத்தது. அவனுக்கு இரண்டு பூட்டு, இரண்டு சாவி. இங்கே முதல் பூட்டை ஆற்றங்கரையில் நான் பார்த்ததே இல்லை. இரண்டாவது பூட்டு மட்டும் கனமாகத் தொங்குகிறது. அதன் சாவி யார் இடுப்பில் இருக்கிறது என்பது தண்ணீருக்குத் தண்ணீர் மாறும்.

ஆறு

மேட்டூரில் வழக்கப்படி ஜூன் 12 தண்ணீர் திறந்தால், கல்லணைக்கு வந்து காவிரி, வெண்ணாறு, கல்லணைக் கால்வாய், கொள்ளிடம் என்று பிரியும். வெண்ணாறு எங்கள் பக்கம் நீடாமங்கலம் மூணாறு தலைப்பில் மறுபடி மூன்றாகும்: வெண்ணாறு, கோரையாறு, பாமணியாறு. புதுத்தண்ணி வந்த முதல் பத்து நாள் ஷட்டருக்குக் கீழே மீன் எதிர்நீச்சல் போட்டு ஏறும். அப்போது கரையில் நிற்கிற கூட்டத்தில் பாதிப்பேர் கையில் மூங்கில் கழி, மீதிப்பேர் கையில் செல்போன்.

கேட்க வேண்டிய ஆள் யாருமில்லை என்பதே ஆற்றின் பெரிய வசதி. காசும் கிடையாது. ஆனால் எழுதாத விதி நாலைந்து உண்டு. பெண்கள் குளிக்கிற படித்துறைக்கு எதிரே தூண்டிலோடு உட்கார்ந்தால் சட்டமெல்லாம் வேண்டாம், ஊரே வந்து கேட்கும். கருமாதித் துறையில் யாரும் போடமாட்டார்கள். ஷட்டர் கட்டையில் நின்று போடக்கூடாது என்று நீர்வளத் துறை பலகை வைத்திருந்தால் அதை மதிப்பது உங்கள் உயிருக்கு நல்லது. மதகைத் திறக்கும்போது அடியில் சுழல் எப்படி இழுக்கும் என்பதை நான் ஒருமுறை ஒரு தென்னை மட்டை போன வேகத்தில் பார்த்தேன். அதன்பிறகு அந்தப் பக்கம் கால் வைத்ததில்லை.

கொள்ளிடத்துக்கு இன்னொரு எச்சரிக்கை. அணைக்கரைக்குக் கீழே சிதம்பரம் பக்கம் முதலை உண்டு. கதை இல்லை, நிஜம். பாதுகாக்கப்பட்ட உயிரினம் என்பதால் அது உங்களைத் தொந்தரவு செய்தாலும் நீங்கள் அதைத் தொந்தரவு செய்யக்கூடாது. முழங்கால் தண்ணீரில் இறங்கி நின்று போடுகிற பழக்கத்தை அங்கே விட்டுவிடுங்கள்.

எழுதிய சட்டம் என்று பார்த்தால், 1897ஆம் வருஷத்து இந்திய மீன்வளச் சட்டம் வெடி வைத்தும் விஷம் கலந்தும் பிடிப்பதைத் தடுக்கிறது. இரண்டு மாதம் வரை ஜெயில், அல்லது 200 ரூபாய் அபராதம் என்று அன்றைக்கு எழுதினார்கள். அந்த 200 ரூபாயை எழுதியவர், ஒரு கிலோ கட்லா அந்த விலைக்கு வரும் நாளை நினைத்துப் பார்த்திருக்க மாட்டார். இப்போது வெடிக்குப் பதில் பேட்டரி கரண்ட் வந்துவிட்டது. ஒரு இழுப்பில் குஞ்சு குளுவானோடு ஆற்றைத் துடைத்துவிடுகிறார்கள். தூண்டில்காரனை யாராவது முறைத்துப் பார்த்தால் பாதி காரணம் இவர்கள்தான்.

ஆற்றில் என்ன கிடைக்கும்? கெளுத்தி, கெண்டை, ஆரால், அதிர்ஷ்டம் இருந்தால் வாளை. கிடைக்காத நாளே அதிகம். மண்புழுவை முள்ளில் கோத்து, தக்கை ஆடுகிறதா என்று பார்த்துக்கொண்டே ஒரு மணி நேரம் போகும். கெண்டை தொட்டால் தக்கை கொத்திக் கொத்தி நடுங்கும். கெளுத்தி அப்படியில்லை, பக்கவாட்டில் நழுவி ஒரே முழுக்கு. அந்த வித்தியாசம் கைக்குப் பிடிபட எனக்கு இரண்டு வருஷம் ஆனது. தை நடுவில் மேட்டூரை மூடிவிட்டால் கதை முடிந்தது. மாசி பங்குனியில் ஆறு மணலாகக் கிடக்கும், ஆழமான மடுவில் மட்டும் கொஞ்சம் தண்ணீர் நிற்கும்.

குளம்

விரட்டப்பட்டேன் என்று சொன்னேனே, மூன்றும் குளத்தில்தான்.

அப்போது எனக்கு இருபது வயது இருக்கும். பக்கத்து ஊர்க் குளம், நாங்கள் மூன்று பேர், ஒரு மஞ்சப்பை நிறைய ஜிலேபி மீன். டிவிஎஸ் 50 சத்தம் கேட்டது. வண்டியை நிறுத்தின கையோடு அவர் கேட்டது, "யார் வீட்டுப் புள்ளைங்கடா?" பெயர் சொன்னோம். அவர் கத்தவில்லை. பையை வாங்கிக்கொண்டார். "குட்டி விட்டது நான். தவிடும் புண்ணாக்கும் கொட்டுனது நான். ஏலம் கட்டுனது நான். நீங்க வந்து தூண்டில் போடுவீங்களா?" எங்களிடம் பதில் இல்லை. தூண்டிலை மட்டும் திருப்பிக் கொடுத்தார்.

இதுதான் குளத்தின் விஷயம். பார்க்க ஊர்ப் பொதுக்குளம் மாதிரி இருக்கும், மாடு குளிக்கும், பையன்கள் குதிப்பார்கள். ஆனால் தண்ணீருக்குள் இருக்கும் மீனை ஒருத்தர் ஏலத்தில் எடுத்திருப்பார். மீன்பாசி குத்தகை என்பார்கள். குளம் ஊராட்சிக்குச் சொந்தமா, நீர்வளத் துறைக்கா, கோயிலுக்கா என்பதைப் பொறுத்து ஏலம் விடுகிற இடம் மாறும். குத்தகை பெரும்பாலும் பசலிக் கணக்கில் ஓடும். அதாவது ஜூலை 1 முதல் அடுத்த ஜூன் 30 வரை ஒரு பசலி. ஆனி மாதத்தில் கேட்ட ஆளும் ஆடியில் கேட்க வேண்டிய ஆளும் வேறாக இருக்கலாம். சந்தேகம் இருந்தால் ஊராட்சி செயலரிடம் கேட்டால் ஒரு நிமிஷத்தில் சொல்லிவிடுவார். டீக்கடையில் கேட்டால் அரை நிமிஷம்.

குத்தகைக்காரரிடம் அனுமதி கேட்பது ஒரு கலை. "மீன் பிடிக்கலாமா அண்ணே" என்று கேட்டால் முடியாது என்பார். "ஜிலேபி மட்டும் பிடிச்சுக்கறேண்ணே" என்று கேட்டுப் பாருங்கள். அவர் காசு போட்டு விட்டது கட்லா, ரோகு, மிர்கால், புல்கெண்டை. ஜிலேபி அழைக்காமல் வந்த விருந்தாளி. 1952இல் இந்தியாவுக்கு வந்த மீன், இன்றைக்கு அது இல்லாத குட்டை இல்லை. கெண்டைக்குப் போடுகிற தவிட்டைத் தின்றுவிட்டு வருஷத்துக்குப் பல தடவை குஞ்சு பொரிக்கும். அது குறைந்தால் அவருக்கு லாபம். குரவை, கெளுத்திக்கும் பெரும்பாலும் மறுப்பு வராது. விரால் மட்டும் பேசக்கூடாது, அதற்குச் சந்தையில் இருக்கிற விலை அப்படி.

காசு என்று பேசினால் சிலர் வாங்குவார்கள், சிலர் பிடித்த மீனை நிறுத்துப் பார்த்து ஒரு தொகை சொல்வார்கள், சிலர் ஒரு டீயோடு விட்டுவிடுவார்கள். ரசீது கிடையாது. அதனால் அவருடைய செல் நம்பரை வாங்கி வைத்துக்கொள்வது நல்லது. வேறு யாராவது வந்து கேட்டால் போனைப் போட்டுக் கையில் கொடுத்துவிடலாம். அதுதான் இங்கே லைசென்ஸ்.

கோயில் குளத்தைப் பற்றி ஒரே வரி: வேண்டாம். திருவாரூரில் கோயில் ஐந்து வேலி, குளம் ஐந்து வேலி, ஓடை ஐந்து வேலி என்பார்கள், வேலி என்பது பழைய நில அளவு. கமலாலயம் அவ்வளவு பெரிசு, பார்த்தால் கை அரிக்கத்தான் செய்யும். ஆனால் ஜனங்கள் வேண்டிக்கொண்டு பொரி போடுகிற மீனை முள்ளில் மாட்டி இழுத்தால் குத்தகைக்காரர் மன்னித்தாலும் படியில் உட்கார்ந்திருக்கிற பாட்டி மன்னிக்காது. வடுவூர் ஏரியும் உதயமார்த்தாண்டபுரமும் இதே கணக்குதான், ஆனால் காரணம் வேறு. இரண்டும் பறவைகள் சரணாலயம், 2022 முதல் ராம்சார் என்கிற சர்வதேச ஈரநிலப் பட்டியலில் இருப்பவை. வனத்துறை கையில் இருக்கிற தண்ணீர். அங்கே மீன் நாரைக்கும் நீர்க்காகத்துக்கும்தான்.

தனியார் பண்ணைக் குட்டை இன்னும் சுலபம். சொந்தக்காரர் ஒருத்தர்தான், சரி என்றால் சரி. ஆனால் தவிடு தின்று பழகின மீன் மைதா உருண்டையைப் போட்டதும் ஓடி வரும். பத்து நிமிஷத்தில் ஐந்து மீன். எனக்கு அது கடையில் வாங்குவது போலத்தான் தோன்றுகிறது. குழந்தைகளைக் கூட்டிப் போக மட்டும் நல்ல இடம்.

முகத்துவாரம்

ஆற்றுத் தண்ணீரும் உப்புத் தண்ணீரும் கலக்கிற இடத்தில்தான் ராடு வைத்திருக்கிறவனின் மனசு நிற்கும். பழையாறு, பூம்புகார், தரங்கம்பாடி, நாகை, கீழே முத்துப்பேட்டை வரை. கொடுவா ஒன்று மாட்டினால் தூண்டில் நரம்பு பாடும். மடவை, சீலா, கிழங்கானும் உண்டு. அண்ணன் மகனுக்கு ஆசை முழுக்க இதில்தான்.

சாவி இங்கே ஒன்றுக்கு மேல். கரையில் நின்று போடுவதானால் அந்த மீனவக் கிராமத்துப் பெரியவர்களிடம் ஒரு வார்த்தை. இந்தக் கடற்கரையில் ஊர்ப் பஞ்சாயத்து என்பது பேச்சுக்குச் சொல்வதில்லை, எந்த வலை போடலாம், என்றைக்குத் தொழிலுக்குப் போகக்கூடாது என்பதையே அது முடிவு செய்கிறது. "ஐயா, பொழுதுபோக்குக்குத்தான், வலையெல்லாம் இல்லை" என்றால் பெரும்பாலும் சிரித்துக்கொண்டே இடமும் காட்டுவார்கள். படகில் போவதானால் சங்கதி கனமாகிறது. ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுகளுக்குத் தடைக்காலம். மற்ற நாட்களிலும் கடலோரப் பாதுகாப்புக் குழுமத்தார் கேட்டால் காட்ட அடையாள அட்டை கையில் இருக்கணும். இங்கிலாந்து ஆற்றை மூடுகிற மாதங்களையும் இங்கே கடலை மூடுகிற மாதங்களையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் ஏறக்குறைய ஒரே காலம். மீனுக்குச் சினை வைக்க நேரம் விடுகிற யோசனை இரண்டு ஊரிலும் ஒன்றுதான்.

முத்துப்பேட்டை அலையாத்திக் காட்டுக்கு ஜாம்பவானோடையிலிருந்து படகு, வனத்துறை அனுமதியோடு. அதைச் சுற்றிப் பார்க்க மட்டும் வைத்துக்கொள்ளுங்கள். கோடியக்கரையோ 1967 முதல் சரணாலயம், அங்கே காட்டுயிர்ச் சட்டம் நிற்கிறது. ராடை வண்டியிலேயே வைத்துவிடுவது உத்தமம்.

நிஜமாகவே சீட்டு உள்ள இடங்கள்

தமிழ்நாட்டிலேயே லைசென்ஸ் இல்லை என்று நினைத்துவிட வேண்டாம். மீன்வளம் அரசியல் சட்டப்படி மாநிலப் பட்டியலில் இருப்பது. மேட்டூர் நீர்த்தேக்கத்தில் மீனவர்கள் மீன்வளத் துறையின் உரிமத்தோடுதான் வலை போடுகிறார்கள். நீலகிரியில் வேட்டைக்கும் மீனுக்கும் சேர்த்து 1879லேயே தனிச் சட்டம் போட்டார்கள், துரைமார்களின் பொழுதுபோக்கு அல்லவா. காவிரியில் மேலே கர்நாடகப் பக்கம் மாசீர் மீனுக்கென்றே தூண்டில் முகாம்கள் இருந்தன, பிடித்து விட்டுவிடுகிற முறை. சரணாலயத்துக்குள் அதுவும் கூடாது என்று நின்றுபோனது. சிங்கப்பூரில் வேலை பார்க்கிற எங்கள் ஊர்க்காரர்கள் வேறு கதை சொல்வார்கள்: அங்கே லைசென்ஸே இல்லை, ஆனால் குறித்துவிட்ட இடத்தில்தான் போடணும், நீர்த்தேக்கத்தில் மண்புழு கூடாது, செயற்கை இரை மட்டும். டெல்டாவை விட்டு வெளியே எங்கே போவதானாலும் அந்த மாவட்ட மீன்வளத் துறை அலுவலகத்தில் ஒரு வார்த்தை கேட்டுவிட்டு ராடைக் கட்டுங்கள்.

சரி, எது?

தனியாகப் போகிறவனுக்கு நான் ஆற்றையே சொல்வேன், வெறுங்கையோடு திரும்பச் சம்மதம் என்றால். முகத்துவாரத்துக்கு உள்ளூர் ஆள் ஒருத்தர் கூட இல்லாமல் போகவேண்டாம். லீவுக்கு வந்து ஒரு வாரத்தில் மீன் பார்த்தே ஆகணும் என்கிறவனுக்குக் குத்தகைக் குளம்தான். அதில் ஒரு ஆளைக் கேட்டால் போதும், கேட்டபின் ஒருத்தரும் எழுப்ப மாட்டார்கள்.

அண்ணன் மகனைக் கூட்டிக்கொண்டு எங்கள் ஊர்க் குத்தகைக்காரரிடம் போனேன். "குட்டி விட்ட புதுசு தம்பி. கெண்டைக் குட்டி மாட்டுச்சுன்னா கை நனைச்சுக்கிட்டு முள்ளைக் கழட்டி அப்படியே விட்டுடணும்" என்றார். இவன் பெட்டியிலிருந்து எதிர்முள் இல்லாத தூண்டில் முட்களை எடுத்துக் காட்டினான், அவன் கிளப்பில் அதுதான் விதியாம். அவர் ஒன்றை வாங்கிக் கட்டைவிரலில் தடவிப் பார்த்தார். "இதுல மீன் நிக்குமா?" சாயங்காலத்துக்குள் பதினோரு ஜிலேபி நின்றது. நாலை அவர் வீட்டுக்குக் கொடுத்தோம்.

கிளம்புகிற அன்றைக்கு ராடை என் வீட்டுப் பரண்மேல் வைத்துவிட்டு, அடுத்த பசலிக்கு அந்தக் குளம் யார் கைக்குப் போகிறது என்று கேட்டு வாட்ஸ்அப்பில் போடச் சொல்லிவிட்டுத்தான் வண்டியேறினான்.